ஒய்35: அமெரிக்க மருத்துவப் பதிவேடுகளில் காவல் துறைக் காயங்கள்

சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் மெடிக்கல் கோடிங் வேலையில் இருப்பவர்கள் ஆயிரக்கணக்கானோர். அவர்கள் முன்னால் திறந்திருக்கும் சார்ட்டுகளில் பெரும்பாலானவை அமெரிக்க மருத்துவமனைகளுடையவை. மருத்துவர் எழுதியதைப் படித்து, நோய்க்கும் காயத்துக்கும் சிகிச்சைக்கும் உரிய எண்களைப் போட்டு அனுப்பினால்தான் அங்கே காப்பீட்டு நிறுவனம் பணம் கொடுக்கும். அந்த எண்களில் ஒரு சிறு குடும்பம் ஒய்35. காவலரோடு ஏற்பட்ட மோதலில் யாருக்காவது அடிபட்டால் போட வேண்டிய எண் இது. அமெரிக்காவில் காவல் துறை ஆண்டுக்கு எத்தனை பேரைக் காயப்படுத்துகிறது என்ற கேள்விக்கான பதிலில் பெரும்பகுதி, கோடர்கள் இந்த எண்ணைப் போடுகிறார்களா விடுகிறார்களா என்பதைப் பொறுத்தே அமைகிறது.

காயத்துக்குக் குறைந்தது இரண்டு எண்கள் வேண்டும். தலை கிழிந்து தையல் போட்டிருந்தால் எஸ்01 வரிசையில் ஓர் எண். அது என்ன காயம் என்று சொல்லும். எதனால் வந்தது என்று சொல்ல, வி முதல் ஒய் வரையிலான எழுத்துகளில் தொடங்கும் புறக்காரணக் குறியீடு ஒன்றும் வேண்டும். படியில் விழுந்தாரா, நாய் கடித்ததா, யாராவது அடித்தார்களா என்பதெல்லாம் இங்கேதான் வரும். இந்த இரண்டாம் எண்ணை ஒருபோதும் முதன்மை நோயறிதலாகப் போடக் கூடாது என்பது விதி.

நோய்களின் சர்வதேச வகைப்பாடான ஐ.சி.டி.-யின் அமெரிக்கப் பதிப்பான ஐ.சி.டி.-10-சி.எம். ஒய்35 குடும்பத்தை வியப்பூட்டும் அளவுக்கு நுணுக்கமாகப் பிரித்து வைத்திருக்கிறது. துப்பாக்கி, வெடிபொருள், வாயு, மழுங்கிய பொருள், கூர்மையான பொருள், பிற வழிகள் என்று முதல் பிரிவு. துப்பாக்கிக்குள் கைத்துப்பாக்கி வேறு, இயந்திரத் துப்பாக்கி வேறு, ரப்பர் குண்டு வேறு. கண்ணீர்ப் புகைக்கும் லத்திக்கும் தனித்தனி எண். பயனட்டுக்குக்கூட ஒன்று உண்டு. வெறும் கையால் அடித்து உதைத்தால் ஒய்35.81. டேசர் எனப்படும் மின்னதிர்ச்சிக் கருவிக்குத் தனி எண் 2019 அக்டோபர் 1-ஆம் தேதிதான் வந்தது. அமெரிக்கக் காவலர்களின் இடுப்பில் அந்தக் கருவி ஏறிப் பல ஆண்டுகள் ஆன பிறகு! ஆறாவது இடத்தில் வரும் எண், அடிபட்டவர் யார் என்று சொல்லும்: 1 என்றால் காவலர், 2 என்றால் அக்கம்பக்கத்தில் நின்றவர், 3 என்றால் சந்தேக நபர். ஏழாவது இடத்தில் சிகிச்சையின் கட்டம். ஆக, ஒய்35.023ஏ என்றால் காவலரின் கைத்துப்பாக்கிக் குண்டு பட்ட சந்தேக நபர், சிகிச்சை நடந்துகொண்டிருக்கிறது என்று பொருள். பணியில் இருந்த காவலரா, பணி முடிந்து வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தவரா என்ற வேறுபாடு கிடையாது. இரண்டுமே இதில் அடங்கும்.

அந்த ஆறாவது இடம்தான் உறுத்துகிறது. மனநலம் பாதித்த மகனைச் சமாளிக்க முடியாமல் தாய் 911-க்கு அழைக்கிறார். வந்த காவலர் அவனைத் தரையில் அழுத்தியதில் தோள்பட்டை விலகுகிறது. அவன் காவலர் இல்லை, வேடிக்கை பார்த்தவனும் இல்லை, குற்றம் எதுவும் செய்யவும் இல்லை. நீண்ட காலம் அவனைச் ‘சந்தேக நபர்’ பெட்டிக்குள் தள்ளுவதைத் தவிரக் கோடருக்கு வேறு வழி இருக்கவில்லை. டேசர் எண் வந்த அதே ஆண்டில் 9, அதாவது யாரென்று குறிப்பிடப்படாதவர், என்ற வாய்ப்பும் சேர்ந்தது. அரைகுறைத் தீர்வுதான். ‘உதவிக்கு அழைத்த வீட்டில் அடிபட்டவர்’ என்ற வகை இன்னும் இல்லை.

இவ்வளவு நுணுக்கமான எண்கள் அமெரிக்கச் சேர்க்கை என்றாலும் வகை உலக அளவிலானது. உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி.-10, கைது செய்யும்போதோ கலவரத்தை அடக்கும்போதோ ஒழுங்கைக் காக்கும்போதோ காவலரும் பணியில் உள்ள ராணுவத்தினரும் ஏற்படுத்தும் காயங்களை இதில் சேர்க்கிறது. மரண தண்டனை நிறைவேற்றத்துக்கும் அதே குடும்பத்தில் ஓர் எண் உண்டு. லத்தியடியும் தூக்குக் கயிறும் ஒரே பக்கத்தில். மருத்துவமனைக்கான அமெரிக்கப் பதிப்பில் அந்த எண்ணை மட்டும் விட்டுவிட்டார்கள். கொலை, தாக்குதல் வகையிலிருந்து இவை அனைத்தும் விலக்கி வைக்கப்பட்டுள்ளன. 2022-இல் நடைமுறைக்கு வந்த ஐ.சி.டி.-11-உம் இதைத் தனித் தொகுதியாகவே வைத்திருக்கிறது.

ஆக, குறியீட்டு நூலில் குறை அதிகமில்லை. குறை, நூலைப் பயன்படுத்தச் சொல்லும் விதிகளில் இருக்கிறது.

அமெரிக்க அதிகாரபூர்வ வழிகாட்டு விதிகளில் இரண்டைக் கவனிக்க வேண்டும். புறக்காரணக் குறியீடு போட்டே ஆக வேண்டும் என்ற தேசியக் கட்டாயம் இல்லை. மாநிலச் சட்டமோ பணம் கொடுப்பவரோ கேட்டால் மட்டும் போட்டால் போதும். காயம் வேண்டுமென்று விளைவிக்கப்பட்டதா என்பது சார்ட்டில் தெரியவில்லை என்றால் அதை விபத்து என்றே கொள்ள வேண்டும் என்பது இரண்டாவது. ‘நோக்கம் தீர்மானிக்க இயலவில்லை’ என்று போடுவதற்குக்கூட, தீர்மானிக்க இயலவில்லை என்று மருத்துவர் எழுதியிருக்க வேண்டும். எழுதாமல் விட்டால் விபத்து. நெஞ்சில் குண்டுக் காயம் என்று மட்டும் எழுதியிருந்தால், அகரவரிசைப் பட்டியல் கோடரை நேராக விபத்துத் துப்பாக்கிச்சூட்டுக்குக் கூட்டிப் போய் விட்டுவிடும்.

இதன் விளைவை அளந்து பார்த்திருக்கிறார்கள். பெரிய விபத்துக் காயச் சிகிச்சை மையங்கள் மூன்றின் பதிவுகளை வைத்து 2022-இல் ‘ஜாமா நெட்வொர்க் ஓப்பன்’ இதழில் ஓர் ஆய்வு வந்தது. மருத்துவக் குறிப்புகளை முழுதாகப் படித்தால் தாக்குதல் என்று தெளிவாகத் தெரிந்த துப்பாக்கிக் காயங்களில் 28 சதவீதம், விபத்து என்று குறியிடப்பட்டிருந்தன. காரணம் தெரியாமல் போகவில்லை. தெரிந்த காரணம் எண்ணாக மாறவில்லை. ஆம்புலன்ஸ் ஊழியர் குறிப்பில் போலீஸ் சுட்டது என்று இருக்கும். முதலில் பார்த்த செவிலியர் அதையே எழுதியிருப்பார். அறுவை மருத்துவர் குறிப்பில் மட்டும் குண்டு நுழைந்த இடமும் வெளியேறிய இடமும் இருக்கும். அவருக்கு வேண்டியது அவ்வளவுதானே. கோடரோ மருத்துவரின் குறிப்பையே முதன்மையாக நம்பப் பழக்கப்பட்டவர்.

பணக் கணக்கும் சேர்ந்துகொள்கிறது. எஸ் வரிசை எண்ணுக்குப் பணம் வரும். ஒய் எண்ணுக்குத் தனியாக ஒரு காசு வராது. மருத்துவமனைக் கட்டணப் படிவமான யூபி-04-இல் புறக்காரணத்துக்கு மூன்று கட்டங்கள்தான். கோடரின் மதிப்பெண் அவர் முடித்த சார்ட்டுகளின் எண்ணிக்கையையும் 95 சதவீதத் துல்லியத்தையும் வைத்தே வருகிறது. வருமானமில்லாத எண்ணைத் தேடி நாற்பது பக்கக் குறிப்பைப் புரட்டு என்று எந்த டீம் லீடரும் சொல்ல மாட்டார். இதில் கோடரைக் குறை சொல்வது அநியாயம்.

மருத்துவர் எழுதாமல் விடுவதற்கும் காரணம் உண்டு. கைவிலங்கோடு வருபவரின் படுக்கைக்குப் பக்கத்திலேயே காவலர் நிற்கிறார். எப்படி அடிபட்டது என்ற கேள்விக்கு முதல் பதில் பெரும்பாலும் அவர் வாயிலிருந்தே வருகிறது. தானாக விழுந்தார், ஓடும்போது வேலியில் மோதினார் என்று அவர் சொன்னால், அதை மறுத்துப் பேச நோயாளிக்குத் துணிவு இருக்காது. போலீஸ் நாய் கடித்த காயம் வெறும் நாய்க்கடியாக, டபிள்யூ54 என்று பதிவாகிவிடலாம். கண்ணீர்ப் புகையின் நச்சு விளைவுக்கான டி59.3 எண்ணில் விபத்து, வேண்டுமென்றே தனக்குத் தானே விளைவித்தது, தாக்குதல், தீர்மானிக்க இயலவில்லை என்று நான்கு வாய்ப்புகள் உண்டு. காவல் துறை வீசியது என்று சொல்ல அதற்குள் இடமில்லை. அதற்குத் தனியாக ஒய்35.21-ஐச் சேர்த்தால்தான் விஷயம் விளங்கும்.

இத்தனை ஓட்டைகளையும் தாண்டி வடிந்து வந்தவையே பெரிய எண்கள். 2006 முதல் 2012 வரை அமெரிக்க அவசரப் பிரிவுகளுக்கு இந்தக் காரணத்தால் வந்த வருகைகள் 3,55,677 என்று ‘ஜாமா சர்ஜரி’ 2017-இல் வெளியிட்ட ஆய்வு மதிப்பிட்டது. ஆண்டுக்கு ஐம்பதாயிரத்தைத் தாண்டுகிறது. 2012 என்ற ஒரே ஆண்டில் காவலரால் கொல்லப்பட்டவர்களும் மருத்துவமனைச் சிகிச்சை பெற்றவர்களுமாக 55,400 பேர் என்று ‘இஞ்சுரி பிரிவென்ஷன்’ இதழில் வந்த இன்னொரு மதிப்பீடும் அதே அளவைச் சொல்கிறது. முதல் ஆய்வில் என் கண்ணில் பட்டது வேறொன்று: துப்பாக்கியாலும் கத்தியாலும் ஏற்பட்டவை 7 சதவீதத்துக்கும் குறைவு. மீதியில் பெரும்பங்கு அடி. பத்திரிகைகள் எண்ணுவது சாவை. அதிலும் துப்பாக்கிச் சாவை. விலா எலும்பு உடைந்து வீட்டுக்குப் போனவரை எந்தச் செய்தித்தாளும் எண்ணுவதில்லை. எஃப்.பி.ஐ. 2019-இல் தொடங்கிய பலப்பிரயோகப் பதிவில் மரணம், கடுமையான காயம், ஆளை நோக்கிச் சுட்டது ஆகியவை மட்டுமே உண்டு. காவல் அமைப்புகள் விரும்பினால் தகவல் தரலாம். ஆகவே சாகாமல் பிழைத்தவர்களின் கணக்குக்கு மருத்துவமனைக் குறியீட்டை விட்டால் பரவலான ஆதாரம் வேறில்லை.

இறந்தவர்களின் கதை இன்னும் சிக்கலானது. அமெரிக்க இறப்புச் சான்றிதழில் இறந்த விதம் என்ற இடத்தில் இயற்கை, விபத்து, தற்கொலை, கொலை, விசாரணை நிலுவை, தீர்மானிக்க முடியவில்லை என்ற பெட்டிகள் உள்ளன. காவல் துறைக்குத் தனிப் பெட்டி இல்லை. இங்கே கொலை என்றால் இன்னொருவர் செயலால் நேர்ந்த சாவு என்றுதான் பொருள். குற்றமா இல்லையா என்பது அதில் வராது. காயம் எப்படி ஏற்பட்டது என்று விவரிக்க ஒரு வரி உண்டு. அந்த வரியில் காவலர் என்ற சொல் இருந்தால்தான் குறியீடு ஒய்35-க்குப் போகும். பிறரால் சுடப்பட்டார், நெஞ்சில் குண்டு என்று எழுதி முடித்துவிட்டால் எக்ஸ்93 முதல் எக்ஸ்95 வரையிலான சாதாரணத் துப்பாக்கிக் கொலைகளோடு போய்ச் சேரும்.

2014-இல் ஃபெர்குசனில் மைக்கேல் பிரவுன் சுட்டுக் கொல்லப்பட்ட பின்பு நாடு இந்தக் கணக்கைக் கேட்டபோது அரசிடம் பதில் இல்லை. ‘கார்டியன்’ நாளிதழும் ‘வாஷிங்டன் போஸ்ட்’டும் 2015-இல் தாங்களே எண்ணத் தொடங்கின. ஹார்வர்டின் ஜஸ்டின் ஃபெல்ட்மனும் நான்சி கிரீகரும் மற்றவர்களும் 2017-இல் ‘கார்டியன்’ பட்டியலையும் அரசின் இறப்புப் பதிவையும் ஒப்பிட்டார்கள். 2015-இல் காவல் துறையால் இறந்தவர்கள் சுமார் 1,166 என்பது அவர்கள் மதிப்பீடு. அரசின் இறப்புப் பதிவு அதில் 44.9 சதவீதத்தை மட்டுமே பிடித்திருந்தது. ‘கார்டியன்’ பட்டியல் 93.1 சதவீதத்தைப் பிடித்திருந்தது. பல கோடி டாலர் செலவில் நடக்கும் பதிவமைப்பைவிட ஒரு நாளிதழின் செய்திக் குழு இரண்டு மடங்கு நன்றாக எண்ணியிருக்கிறது. துப்பாக்கி அல்லாத வழியில் இறந்தவர்களும் வருமானம் குறைந்த கவுண்ட்டிகளில் இறந்தவர்களும்தான் அரசுக் கணக்கில் அதிகம் தவறிப் போயிருந்தார்கள்.

நான்கு ஆண்டு கழித்து ‘லான்செட்’ நீண்ட காலத்தை எடுத்துக்கொண்டது. 1980 முதல் 2018 வரை காவல் துறை வன்முறையால் இறந்தவர்கள் சுமார் 30,800 பேர். அரசுப் பதிவு சொன்னதைவிட 17,100 பேர் கூடுதல். விடுபட்டவை பாதிக்கும் மேல். கறுப்பினத்தவர் இப்படிச் சாகும் விகிதம் வெள்ளையரைப் போல் 3.5 மடங்கு. குறியீட்டுத் தவறு எல்லார் மீதும் சமமாக விழவில்லை என்பதையும் அந்த ஆய்வு காட்டியது.

சான்றிதழை எழுதுவது யார் என்பதையும் பார்க்க வேண்டும். கலிபோர்னியாவின் பெரும்பாலான கவுண்ட்டிகளில் காவல் தலைவரான ஷெரிஃபே மரண விசாரணை அதிகாரி. சான் ஹோக்கின் கவுண்ட்டியில், காவலில் நேர்ந்த சாவுகளின் வகைப்பாட்டில் ஷெரிஃப் தலையிட்டார் என்று குற்றம்சாட்டி 2017-இல் இரண்டு நோயியல் மருத்துவர்கள் வேலையை விட்டார்கள். அவர்களில் ஒருவர், அமெரிக்கக் கால்பந்து வீரர்களின் மூளைச் சேதத்தை வெளிக்கொண்டுவந்த பென்னெட் ஒமாலு. மறு ஆண்டு அந்தக் கவுண்ட்டி இரு பதவிகளையும் பிரித்தது.

குண்டுக் காயமாவது கண்ணுக்குத் தெரியும். அழுத்திப் பிடித்ததில் மூச்சு நின்றால்? 2020 மே 25-இல் ஜார்ஜ் ஃபிளாய்ட் இறந்தபோது மினியாபொலிஸ் காவல் துறையின் முதல் அறிக்கை, போலீஸுடனான சந்திப்பின்போது மருத்துவச் சிக்கல் ஏற்பட்டு ஒருவர் இறந்தார் என்று சொன்னது. ஹென்னபின் கவுண்ட்டி மருத்துவ விசாரணையாளரோ, காவலர் அடக்கிப் பிடித்ததும் கழுத்தை அழுத்தியதும் சேர்ந்த நிலையில் இதயமும் மூச்சும் நின்றன, கொலை என்று எழுதினார். முதல் அறிக்கையின் தொனியில் சான்றிதழ் வந்திருந்தால் அது இதய நோய் எண்ணாகப் போயிருக்கும். இரண்டாவதில் காவலர் என்ற சொல் சாவின் காரண வரியிலேயே இருக்கிறது. ஒய்35-க்கு வழி திறந்துவிடுகிறது.

காவலர் என்ற சொல் மறைய ‘எக்சைட்டட் டெலிரியம்’ என்ற பெயர் நெடுங்காலம் உதவியது. வெறிகொண்ட மனக்குழப்பத்தில் தானாகவே இறந்தார் என்பது அதன் சாரம். ஐ.சி.டி.-யில் அப்படி ஒரு நோய்க்கு இடமில்லை. ஆனாலும் பிரேதப் பரிசோதனை அறிக்கைகளில் ஏறிக்கொண்டே இருந்தது. அதற்கு ஆதரவாக 2009-இல் வெளியிட்ட ஆவணத்தை அமெரிக்க அவசர மருத்துவர் கல்லூரி 2023-இல் திரும்பப் பெற்றது. அதே ஆண்டு கலிபோர்னியா சட்டம் போட்டே தடுத்தது. மேரிலாந்தில் காவலில் இருந்தபோது நேர்ந்த பழைய சாவுகள் 87-ஐ வெளியிலிருந்து வந்த நோயியல் மருத்துவர்கள் மறுபடி படித்தார்கள். 36 சாவுகள் கொலை என்றே பதிவாகியிருக்க வேண்டும் என்று, ஒவ்வொன்றையும் படித்த மூவரும் ஒருமித்துச் சொன்னதை 2025-இல் மாநிலம் வெளியிட்டது. அந்த 36-உம் அன்று விபத்து, இயற்கை, தெரியவில்லை என்று குறியீடு பெற்றவை.

காவலரால் காயப்பட்டவரின் சிகிச்சைக்குப் பணம் யார் கட்டுவது என்ற தகராறும் பழையது. மாசசூசெட்ஸ் மாநில ரிவியர் நகரில் போலீஸ் சுட்டுக் காயப்பட்டவருக்குச் சிகிச்சை தந்த மருத்துவமனை, நகராட்சியிடம் கட்டணம் கேட்டது. காயப்பட்டவருக்குச் சிகிச்சை கிடைக்கச் செய்வது நகரத்தின் கடமை, செலவு யாருடையது என்பது மாநிலச் சட்டத்தின் பாடு என்று 1983-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் சொல்லி முடித்தது. இன்றும் அந்தப் பாடு மாநிலத்துக்கு மாநிலம் வேறு.

ஒய்35 போட்டால் காவல் துறைமீது குற்றம் சுமத்துவது ஆகாதா என்று கேட்பவர்கள் உண்டு. ஆகாது. அந்த எண் செயல் நியாயமா என்று சொல்வதே இல்லை. காவலரை ஒருவர் சுட்டு அவர் திருப்பிச் சுட்டாலும் அதே எண்தான். அடிபட்ட காவலருக்கும் அதே குடும்பம்தான். எண்ணாமல் விட்டால் காவலர்களின் காயமும் சேர்ந்தே மறைகிறது. மறுபக்கம் இன்னோர் அச்சமும் நியாயமானது: குற்றச் செயலில் ஈடுபட்டபோது வந்த காயத்துக்குப் பணம் தர மறுக்கும் காப்பீட்டு ஒப்பந்தங்கள் இருக்கின்றன, ‘சந்தேக நபர்’ என்ற எண்ணே நோயாளிக்கு எதிராகத் திரும்பலாம். இதற்குப் பதில் எண்ணை விடுவது அல்ல, அந்த ஆறாவது இடத்தைத் திருத்துவது.

தீர்வாகப் பேசப்படுபவற்றில் நான்சி கிரீகர் குழு 2015-இல் முன்வைத்தது துணிச்சலானது: காலராவையும் காசநோயையும் போல, காவல் துறையால் நேரும் சாவையும் உடனே பொதுச் சுகாதாரத் துறைக்கு அறிவிக்க வேண்டிய ஒன்றாக ஆக்குவது. இறப்புச் சான்றிதழில் தனிப் பெட்டி சேர்ப்பது அதைவிட எளிது. அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையமான சி.டி.சி. நடத்தும் வன்முறைச் சாவுப் பதிவமைப்பு, சான்றிதழோடு காவல் அறிக்கையையும் பிரேதப் பரிசோதனையையும் சேர்த்துப் படிப்பதால் அதிகம் பிடிக்கிறது. ஆனால் பிழைத்தவர்கள் அதில் வர மாட்டார்கள். என் பார்வையில், எல்லாவற்றுக்கும் முன்னால் மாற வேண்டியது தெரியாவிட்டால் விபத்து என்ற அந்த ஒற்றை விதி. தெரியாததைத் தெரியாதது என்றே குறிக்க விட்டாலே, ஓட்டை எவ்வளவு பெரியது என்பதாவது கண்ணுக்குப் படும்.

நம் ஊர் இதைவிடப் பின்னால் நிற்கிறது. அரசு மருத்துவமனை விபத்துப் பதிவேட்டில் யார், எதனால் தாக்கியதாகச் சொல்லப்படுகிறது என்று எழுதும் பழக்கம் உண்டு. பிறகு அது காகிதத்திலேயே நின்றுவிடுகிறது. காவலில் இருப்பவரை 48 மணி நேரத்துக்கு ஒருமுறை மருத்துவர் பார்க்க வேண்டும் என்று டி.கே. பாசு வழக்கில் 1996-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. 2020-இல் சாத்தான்குளத்தில் காவலில் வைக்கப்பட்ட தந்தையும் மகனும் இறந்தபோது, சிறைக்கு அனுப்பும் முன் அவர்களுக்குத் தரப்பட்ட உடல்தகுதிச் சான்றே கேள்விக்குள்ளானது. அந்த ஆண்டு இந்தியாவில் பதிவான சாவுகளில் மருத்துவர் காரணம் சான்றளித்தவை ஐந்தில் ஒரு பங்கைச் சற்றே தாண்டின. காரணமே எழுதப்படாத இடத்தில் எந்த எண்ணைப் போடுவது?

இதைப் படிக்கும் கோடர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஊகித்து எண் போடாதீர்கள். அது உங்கள் வேலை அல்ல, தணிக்கையிலும் நிற்காது. ஆனால் ஆம்புலன்ஸ் குறிப்பிலோ செவிலியர் குறிப்பிலோ காவலர் என்று இருந்து, மருத்துவர் குறிப்பில் இல்லை என்றால், விபத்து என்று மூடிவிடும் முன் மருத்துவருக்கு ஒரு க்வெரி அனுப்புங்கள். காயம் எப்படி ஏற்பட்டது என்று மட்டும் கேளுங்கள். பதிலை நீங்கள் எடுத்துக் கொடுக்க வேண்டாம்.